படத்தை யாரும் வாங்குவதில்லை

1977-ல் லாஸ் ஏஞ்சலஸ் நகரத்தில் சார்லஸ் பர்னெட் என்ற மாணவர் தன் பல்கலைக்கழகப் படிப்புக்காக ஒரு படத்தை எடுத்து முடித்தார். பெயர் 'கில்லர் ஆஃப் ஷீப்'. ஆட்டுத்தொட்டியில் வேலை பார்க்கும் ஒரு கறுப்பினக் குடும்பத் தலைவரின் அன்றாடம்தான் கதை. 16 எம்.எம். கறுப்பு வெள்ளை பிலிம், வார இறுதிகளில் படப்பிடிப்பு, பெரும்பாலும் தொழில்முறை நடிகர் அல்லாதவர்கள். மொத்தச் செலவு 10,000 டாலருக்கும் குறைவு. 1981-ல் பெர்லின் விழாவில் விமர்சகர்களின் பரிசு கிடைத்தது. 1990-ல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம், காலத்துக்கும் காப்பாற்ற வேண்டிய படங்களின் பட்டியலில் இதைச் சேர்த்தது. அந்தப் பட்டியலில் ஆண்டுக்கு 25 படங்களுக்குத்தான் இடம். இத்தனை இருந்தும், டிக்கெட் வாங்கித் தியேட்டரில் இந்தப் படத்தைப் பார்க்க அமெரிக்கர்கள் 2007 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

படம் தொலைந்துபோகவில்லை. யாரும் தடை போடவும் இல்லை. திரைப்பட விழாக்களிலும் கல்லூரிகளிலும் மியூசியங்களிலும் அவ்வப்போது திரையிட்டார்கள். முறையான வெளியீடு மட்டும் நடக்கவில்லை. இந்த முப்பது வருட இடைவெளி எங்கிருந்து வந்தது, அதை யார் எப்படித் தாண்டினார்கள் என்று பார்த்தால், வெளிநாட்டுப் படங்களையும் சின்னப் படங்களையும் விநியோகம் செய்கிற தொழிலே நமக்குப் புரிந்துவிடும். டீயை எடுத்துக்கொள்ளுங்கள், அவசரம் ஒன்றும் இல்லை.

தாண்டியவர்கள் ஒரு கணவன் மனைவி. ஏமி ஹெல்லர், டென்னிஸ் டோரோஸ். இருவருமே இதே தொழிலில் மற்றவர்களின் கம்பெனிகளில் வேலை பார்த்தவர்கள். எரிக் வான் ஸ்ட்ரோஹைம் இயக்கிப் பாதியில் நின்றுபோன 'குயீன் கெல்லி' என்ற மௌனப் படத்தை 1985-ல் ஒழுங்குபடுத்தி வெளியே கொண்டுவந்ததில் டோரோஸுக்கு முக்கியப் பங்கு உண்டு. 1990-ல் இருவரும் சேர்ந்து 'மைல்ஸ்டோன் ஃபிலிம்ஸ்' என்று சொந்தமாக ஆரம்பித்தார்கள். நியூயார்க்கில் குடியிருந்த அபார்ட்மென்ட்டே ஆபீஸ். பிறகு நியூ ஜெர்சிக்குக் குடிபோனார்கள், அங்கும் வீடுதான் ஆபீஸ். இந்த விவரத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். கணக்கு வழக்குக்கு வரும்போது இதுதான் உதவப்போகிறது.

முதலில், விநியோகஸ்தர் என்பவர் யார்? படம் எடுத்தவர் ஒரு பக்கம், தியேட்டர்காரர் மறுபக்கம். எடுத்தவருக்கு ஊர் ஊராகத் தியேட்டர்களைத் தெரியாது. தியேட்டர்காரருக்கு உலகம் முழுக்க எடுக்கும் படங்களைப் பார்த்துப் பொறுக்க நேரம் கிடையாது. நடுவில் நின்று, இது ஓடும் என்று நம்பி, முன்பணம் கொடுத்து, விளம்பரம் செய்து, படப்பெட்டியை அனுப்பி, வசூலைக் கணக்குப் பார்த்து, எடுத்தவருக்குப் பங்கு தருகிறவர் விநியோகஸ்தர். தமிழ் சினிமா செய்திகளைப் படிப்பவர்களுக்கு ஏரியா, எம்.ஜி., ஷேர் எல்லாம் பழகிய சொற்கள்தான். நியூயார்க்கிலும் தொழிலின் எலும்புக்கூடு அதேதான்.

இப்போது எல்லோருக்கும் இருக்கும் ஒரு தவறான எண்ணத்துக்கு வருவோம். 'இந்த கம்பெனி இந்தப் படத்தை வாங்கியிருக்கிறது' என்று பத்திரிகையில் படிக்கிறோம். தொழிலில் இருப்பவர்களே அப்படித்தான் பேசுகிறார்கள். அதைக் கேட்டு நாமும், காசு கொடுத்தார், படம் அவருடையதாகிவிட்டது, இனி அவர் இஷ்டம் என்று நினைத்துக்கொள்கிறோம். உண்மையில் கை மாறுவது படமே அல்ல. படத்தைக் காட்டிக்கொள்ளும் அனுமதி மட்டும்தான். அதுவும் அளந்து கொடுத்த அனுமதி.

மாந்தோப்புக் குத்தகையை நினைத்துப் பாருங்கள். தோப்புக்காரர் மூன்று வருட மகசூலைக் குத்தகைக்கு விடுகிறார். குத்தகைக்காரர் முன்பணம் கொடுக்கிறார், மருந்தடிக்கிறார், காவலுக்கு ஆள் போடுகிறார், காய் பறித்து மண்டிக்கு அனுப்புகிறார். மரமும் அவருடையது இல்லை, மண்ணும் அவருடையது இல்லை. ஒரு மரத்தை வெட்டி விறகாக்க முடியாது. கெடு முடிந்த அன்று கூடையை எடுத்துக்கொண்டு வெளியே வந்துவிட வேண்டும். விநியோகஸ்தர் இந்தக் குத்தகைக்காரர்தான். பணம் போடுவது, பாடுபடுவது, மகசூல் குறைந்தால் கையைக் கடித்துக்கொள்வது எல்லாம் அவர். சொத்து இன்னொருவருடையது.

சரி, குத்தகைப் பத்திரத்தில் என்ன எழுதியிருக்கும்? அடிப்படையில் மூன்று கேள்விகளுக்குப் பதில். எந்த இடத்துக்கு? அமெரிக்காவும் கனடாவும் மட்டுமா, உலகம் முழுவதுமா? எத்தனை காலத்துக்கு? ஐந்து வருடமா, ஏழா, பதினைந்தா? எந்த வழியில்? தியேட்டர், டி.வி., டிவிடி, ஓ.டி.டி., கல்லூரித் திரையிடல் என்று ஒவ்வொன்றும் தனித்தனி உரிமை. ஒரே பிரெஞ்சுப் படத்துக்கு அமெரிக்காவில் ஒரு விநியோகஸ்தர், பிரிட்டனில் வேறொருவர், ஜப்பானில் மூன்றாவது ஆள் இருப்பார்கள். ஒரே நாட்டிலேயே தியேட்டர் உரிமை ஒருவரிடமும் டி.வி. உரிமை இன்னொருவரிடமும் இருக்கலாம்.

பணத்தைப் பற்றியும் அதே பத்திரத்தில் இருக்கும். பெரும்பாலும் ஒரு முன்பணம் உண்டு, நம் ஊர்க்காரர்கள் எம்.ஜி. என்று சொல்வது. படம் ஓடினாலும் ஓடாவிட்டாலும் அது எடுத்தவருக்குச் சேர்ந்துவிடும். அதற்கு மேல் வரும் வசூலில் விளம்பரம், பிரதி, சரக்குக் கூலி போன்ற செலவுகளைக் கழித்துவிட்டு, மிச்சத்தில் ஆளுக்கு எத்தனை சதவீதம் என்ற கணக்கு. முன்பணத்தை முதலில் ஈடுகட்டிக்கொண்ட பிறகுதான் எடுத்தவருக்கு மேற்கொண்டு பணம் போகும். வருடத்துக்கு இத்தனை தடவை கணக்கு காட்ட வேண்டும் என்றும் எழுதியிருக்கும். சின்ன விநியோகஸ்தருக்குத் தொழிலில் இருக்கும் பெரிய மூலதனம், அந்தக் கணக்கை ஒழுங்காக அனுப்புகிறவர் என்ற பெயர்தான்.

இதுவரை எளிது. சிக்கல் அடுத்த படியில் இருக்கிறது. குத்தகைக்கு விடுகிறவரிடம் அதை விடுவதற்கான முழு உரிமை இருக்கிறதா? தோப்புக்குப் பட்டா அவர் பெயரில்தான் இருக்கும், ஆனால் உள்ளே நிற்கும் நாலு மரம் பக்கத்து வீட்டுக்காரருடையதாக இருந்துவிட்டால்? 'கில்லர் ஆஃப் ஷீப்' சிக்கிக்கொண்டது சரியாக இந்த இடத்தில்தான்.

பர்னெட் தன் படத்தில் கறுப்பின மக்களின் இசையைப் பல தலைமுறைகளிலிருந்தும் எடுத்துக் கோத்திருந்தார். லூயி ஆர்ம்ஸ்ட்ராங் இருக்கிறார், பால் ரோப்ஸன் இருக்கிறார், எர்த் விண்ட் அண்ட் ஃபயர் குழு இருக்கிறது. ஒரு காட்சியில் கணவனும் மனைவியும் ஜன்னலோரத்தில் மெல்ல ஆடுகிறார்கள். டைனா வாஷிங்டன் பாடிய 'திஸ் பிட்டர் எர்த்' ஒலிக்கிறது. பாட்டு முடிகிறது, கணவன் விலகிப் போய்விடுகிறான், மனைவி தனியே நிற்கிறாள். அந்தப் பாட்டை எடுத்துவிட்டு வேறொன்றைப் போட்டால் காட்சியே நிற்காது. ஆனால் பாட்டு பர்னெட்டுடையது அல்ல. தியேட்டரில் காசு வாங்கி ஓட்டும் எண்ணத்தில் எடுக்காத மாணவர் படம் என்பதால், தியேட்டருக்கான அனுமதி எதையும் அவர் வாங்கி வைத்திருக்கவில்லை.

ஒரு பாட்டுக்கு ஒருவரிடம் அனுமதி வாங்கினால் போதுமா என்றால், அதுவும் இல்லை. பழைய இசைத்தட்டுப் பாட்டு ஒன்றைப் படத்தில் வைக்க இரண்டு அனுமதி வேண்டும். பாட்டை எழுதி மெட்டுப் போட்டவர்களின் உரிமை ஒரு பதிப்பகத்திடம் இருக்கும். அதைப் படத்தோடு இணைக்க வாங்கும் அனுமதியை சிங்க் உரிமை என்பார்கள். குறிப்பிட்ட பாடகர் பாடிய அந்த ஒலிப்பதிவு ஓர் இசைத்தட்டு கம்பெனியின் சொத்து. அதற்கு மாஸ்டர் உரிமை என்று பெயர். ஒன்று கிடைத்து மற்றொன்று கிடைக்காவிட்டால் பாட்டைப் பயன்படுத்த முடியாது. ஐம்பது, அறுபது வருடங்களில் கம்பெனிகள் கை மாறியிருக்கும், ஒன்றோடொன்று இணைந்திருக்கும், எழுதியவர் இறந்து வாரிசுகள் பிரிந்திருப்பார்கள். ஒவ்வொருவராகத் தேடிப் பிடித்து, கடிதம் போட்டு, தொகை பேசி, கையெழுத்து வாங்க வேண்டும்.

ஹெல்லரும் டோரோஸும் பல வருடங்கள் செய்தது இந்த வேலையைத்தான். பாட்டுகளுக்கு மட்டும் ஆன செலவு சுமார் 1,50,000 டாலர். படமே எடுத்தது 10,000 டாலருக்குள்! இயக்குநர் ஸ்டீவன் சோடர்பர்க் தந்த நன்கொடையும் இதில் கைகொடுத்தது. அப்படியும் ஒரு பாட்டு சிக்கவில்லை. படத்தின் முடிவில் பர்னெட் வைத்திருந்தது டைனா வாஷிங்டன் பாடிய 'அன்ஃபர்கெட்டபிள்'. அதற்கு அனுமதி கிடைக்காததால், 2007 வெளியீட்டில் 'திஸ் பிட்டர் எர்த்' பாட்டையே இறுதியிலும் ஒலிக்க விட்டார்கள். 2025-ல் வந்த 4கே பிரதியில்தான் 'அன்ஃபர்கெட்டபிள்' தன் இடத்துக்குத் திரும்பியது. நாடாளுமன்ற நூலகம் கௌரவித்துப் பட்டியலில் சேர்த்தும் படம் ஏன் 17 வருடம் அப்படியே கிடந்தது என்பது இப்போது விளங்குகிறது, இல்லையா? பட்டியல் பாதுகாப்பதற்கு. யாருடைய பாட்டுக்கும் அதனால் அனுமதி வந்துவிடாது.

இங்கே ஒரு பொதுவான சந்தேகம் எழும். 'என்னிடம் டிவிடி இருக்கிறது, காசு கொடுத்துத்தானே வாங்கினேன், நாலு பேரைக் கூட்டி ஹாலில் போட்டுக் காட்டினால் என்ன?' அதே தவறான எண்ணம்தான், இந்தத் தடவை நம் வீட்டு அலமாரியில் இருக்கிறது. நாம் வாங்கியது தட்டு, வீட்டில் பார்த்துக்கொள்ளும் அனுமதியோடு. பொதுவில் காட்டுவது வேறு உரிமை. அமெரிக்கச் சட்டத்தில் ஆசிரியர் தன் வகுப்பறையில் பாடத்துக்காக மாணவர்களுக்குக் காட்ட விலக்கு உண்டு. அதே கல்லூரியில் அதே படத்தை மாலையில் எல்லோரும் வரலாம் என்று நோட்டீஸ் ஒட்டிக் காட்டினால், விநியோகஸ்தரிடம் அனுமதி வாங்கிக் கட்டணம் கட்ட வேண்டும். இந்தக் கல்லூரிக் கட்டணம் சின்ன கம்பெனிக்கு எவ்வளவு பெரிய தூண் என்பதைக் கொஞ்சம் பொறுத்துப் பார்ப்போம்.

இதன் மறுபக்கமும் உண்டு. கையில் பிரதி இருந்தால் உரிமை வந்துவிடாது என்று பார்த்தோம். உரிமை இருந்தால் பிரதி வந்துவிடும் என்றும் சொல்ல முடியாது. எல்லாப் பத்திரங்களிலும் கையெழுத்தாகி, காட்டுவதற்கு ஒழுங்கான பிலிம் இல்லாமல் உட்கார்ந்திருக்க நேரிடும். நெகட்டிவ் எங்கே இருக்கிறது, எந்த லேபில் வைத்தார்கள், அந்த லேப் இன்னும் இருக்கிறதா என்று தேடுவது தொழிலில் பாதி.

ஷெர்லி கிளார்க் 1967-ல் வெளியிட்ட 'போர்ட்ரெய்ட் ஆஃப் ஜேசன்' ஒரு நல்ல உதாரணம். ஒரே மனிதர் ஓர் இரவு முழுக்கக் கேமராவுக்கு முன்னால் பேசுகிற படம், 105 நிமிடம். புழக்கத்தில் இருந்த பிரதிகள் தேய்ந்துபோனவை. மூலத்துக்கு நெருக்கமான பிலிமைத் தேடி மைல்ஸ்டோன் தம்பதி ஒவ்வோர் ஆவணக் காப்பகமாகக் கேட்டார்கள். விஸ்கான்சினில் கிளார்க்கின் பொருள்கள் இருந்த காப்பகத்தின் பட்டியலில், கழித்துப்போட்ட துண்டுகள் என்று குறித்த 16 எம்.எம். சுருள்கள் இருந்தன. 16 எம்.எம். பிலிம் நிமிடத்துக்கு 36 அடி ஓடும். 105 நிமிடம் என்றால் 3,780 அடி. கழிவு என்று எழுதி வைத்த சுருள்களின் நீளமோ கிட்டத்தட்ட முழுப்படத்துக்கே வந்தது. கழித்த துண்டுகள் அத்தனை கச்சிதமாக ஒரு படத்தின் அளவுக்கு ஏன் இருக்க வேண்டும்? வரவழைத்துப் பார்த்தால் அதுதான் அவர்கள் தேடிக்கொண்டிருந்த படம். பொதுமக்களிடம் இணையத்தில் சிறுகச் சிறுகப் பணம் திரட்டி அதைச் சீர்செய்து 2013-ல் வெளியிட்டார்கள்.

பட்டியலில் தவறு, கவனித்தவருக்கு ஒரு சின்ன சந்தேகம். மறுபடி வெளிச்சத்துக்கு வரும் படங்களில் பலவும் இப்படித்தான் வருகின்றன. இன்னும் சில படங்களைக் காப்பாற்றுவது எடுத்தவரின் குடும்பம். கேத்லீன் காலின்ஸ் 1982-ல் எடுத்த 'லூஸிங் கிரவுண்ட்' அவர் காலத்தில் தியேட்டர்களுக்குப் போகவே இல்லை. 1988-ல் அவர் இறந்துவிட்டார். நியூயார்க் லேப் ஒன்றில் கிடந்த நெகட்டிவை அவருடைய மகள் மீட்டெடுத்து, புதுப் பிரதி செய்யச் சொந்தப் பணம் போட்டார். 2015-ல் மைல்ஸ்டோன் அதை வெளியிட்டது. ஒரு குடும்பம் காப்பாற்றி வைத்ததை இன்னொரு குடும்பம் ஊருக்குக் கொண்டுபோனது.

வெளிநாட்டுப் படம் என்றால் இதற்கு மேலும் ஒரு படி. 1964-ல் மிகயில் கலதோசோவ் எடுத்த 'ஐ ஆம் கியூபா' சோவியத் யூனியனும் கியூபாவும் சேர்ந்து தயாரித்தது. அதில் கேமரா ஹோட்டல் மொட்டை மாடியில் ஆட்டம் பாட்டத்தைப் பார்த்துவிட்டு, வெளிச்சுவரையொட்டிக் கீழே இறங்கி, மேஜைகளுக்கு நடுவே நடந்து, நீச்சல் குளத்துக்குள்ளேயே மூழ்கிவிடும், எங்கும் வெட்டாமல். இப்படிப்பட்ட படத்தை மாஸ்கோவிலும் ஹவானாவிலும் யாரும் ரசிக்கவில்லை. பெட்டிக்குள் போய்விட்டது. தொண்ணூறுகளில் அமெரிக்காவில் இரண்டொரு விழாக்களில் தலைகாட்டியபோது, தயாரித்த நாடுகளில் ஒன்றே வரைபடத்தில் இல்லை. அனுமதியை யாரிடம் போய்க் கேட்பது?

மைல்ஸ்டோன் அதை 1995-ல் வெளியிட்டது. முப்பது வருடப் பழைய படம், தெரியாத இயக்குநர், நட்சத்திரம் கிடையாது. யார் வருவார்கள்? மார்ட்டின் ஸ்கார்செஸியும் ஃபிரான்சிஸ் ஃபோர்ட் கொப்போலாவும் இந்தப் படத்தை வழங்குகிறோம் என்று தங்கள் பெயரைப் போட்டுக்கொள்ளச் சம்மதித்தார்கள். போஸ்டரில் 'வழங்குபவர்' என்று ஒரு பெரிய பெயரைப் பார்த்தால் அவர்தான் பணம் போட்டார் என்று நினைக்க வேண்டாம். பல சமயம் அவர் தருவது பெயரை மட்டும்தான். பெரிய கம்பெனி கோடிக்கணக்கில் விளம்பரத்துக்குக் கொட்டி வாங்கும் கவனத்தைச் சின்ன கம்பெனி இப்படிக் கேட்டு வாங்குகிறது. அமெரிக்கத் தேசிய விமர்சகர் சங்கம் அந்த வெளியீட்டுக்காக மைல்ஸ்டோனுக்குத் தனி விருதும் தந்தது.

இனி வசூலைப் பார்ப்போம். சின்னப் படங்கள் ஒரே நாளில் ஆயிரம் தியேட்டர்களில் இறங்குவதில்லை. முதலில் நியூயார்க்கில் ஒரே ஒரு தியேட்டர். 'கில்லர் ஆஃப் ஷீப்' அங்கே ஐ.எஃப்.சி. சென்டரில் தொடங்கியது. நியூயார்க் விமர்சனங்கள் நன்றாக வந்தால், அதை வெட்டி ஒட்டி மற்ற ஊர்த் தியேட்டர்களுக்கு அனுப்பலாம். சிகாகோ, சான் பிரான்சிஸ்கோ, பாஸ்டன் என்று அதே சில பிரதிகள் ஊர் ஊராகப் போகும். விமர்சனம் வராவிட்டால் முதல் வாரத்தோடு மூட்டை கட்ட வேண்டியதுதான்.

கணக்குக்காக, ஒரு தியேட்டரில் ஒரு வாரத்தில் 10,000 டாலர் வசூல் என்று வைத்துக்கொள்வோம். சின்னப் படம் என்பதால் தியேட்டர் 6,500 எடுத்துக்கொண்டு 3,500 தருகிறது. அதில் பத்திரிகை விளம்பரம், பத்திரிகையாளர்களோடு பேச வைத்திருக்கும் ஆளின் சம்பளம், போஸ்டர், டிரெய்லர், பிரதி, சரக்குக் கூலி எல்லாம் கழிய வேண்டும். பல படங்களுக்கு இந்த இடத்திலேயே கணக்கு சிவப்பு மையில் வந்துவிடும். எடுத்தவருக்குக் கொடுத்த முன்பணத்தை நாம் இன்னும் தொடவே இல்லை. வசூல் 10,000 என்று படித்துவிட்டு, இவ்வளவு சம்பாதித்தார்களா என்று வியக்கும் நமக்கு, விநியோகஸ்தர் கையில் மிஞ்சியது தெரிவதில்லை.

நட்டம் என்றால் ஏன் தியேட்டருக்குப் போக வேண்டும்? தியேட்டரில் ஓடினால்தான் விமர்சனம் வரும். விமர்சனம் வந்தால்தான் கல்லூரிகளுக்கும் நூலகங்களுக்கும் மியூசியங்களுக்கும் படத்தின் பெயர் தெரியும். அப்போது ஒரு திரையிடலுக்குச் சில நூறு டாலர் என்று கட்டணம் வரத் தொடங்கும். 'கில்லர் ஆஃப் ஷீப்' போன்ற படம் பாடத்திட்டத்தில் நுழைந்துவிட்டால், ஒவ்வொரு கல்வியாண்டும் யாராவது ஒரு பேராசிரியர் கேட்டு எழுதுவார். பிறகு டிவிடி, டி.வி., ஓ.டி.டி. ஒவ்வொன்றும் சிறிய தொகை. ஆனால் வருடக்கணக்கில் வந்துகொண்டே இருக்கும். முதல் வாரத்தில் விட்டதைப் பத்தாவது வருடத்தில் பிடிக்கிற வியாபாரம் இது.

பத்து வருடம் காத்திருக்க யாரால் முடியும்? வீடே ஆபீஸ் என்று முன்பு பார்த்தது இங்கேதான் உதவுகிறது. மான்ஹாட்டனில் இரண்டு மாடி வாடகைக்கு எடுத்து நாற்பது பேருக்குச் சம்பளம் போடுகிற கம்பெனி, மெல்லச் சொட்டும் பணத்தில் ஓராண்டுகூடத் தாங்காது. முதலீட்டாளர்கள் மூன்று மாதத்துக்கு ஒருமுறை லாபத்தைக் கேட்பார்கள். தனி ஆபீஸ் வாடகை இல்லாமல், ஆள் பட்டியல் நீளாமல் தாங்களே கடிதம் எழுதி, தாங்களே பிரதியைச் சரிபார்த்து, தாங்களே கணக்குப் போடும் தம்பதியால் முடியும். ஒரு படத்தின் பாட்டுகளுக்காகப் பல வருடம் அலையலாமா என்று அவர்கள் யாரிடமும் ஒப்புதல் கேட்க வேண்டியதில்லை. இந்தத் தொழிலில் குடும்பக் கம்பெனிகள் தொடர்ந்து தென்படுவதற்குப் பாசத்தைவிட வரவு செலவுதான் பெரிய காரணம்.

அதற்கு எதிர்ப்பக்கத்தையும் பார்த்துவிடலாம். டான் டால்பாட்டும் அவர் மனைவி டோபியும் 1960-ல் நியூயார்க்கில் ஒரு தியேட்டரை நடத்தத் தொடங்கினார்கள். இத்தாலிய இயக்குநர் பெர்டோலூச்சியின் 'பிஃபோர் தி ரெவல்யூஷன்' படத்தைத் திரையிட விரும்பியபோது அதை அமெரிக்காவுக்குக் கொண்டுவர ஆள் இல்லாததால், 1965-ல் தாங்களே விநியோகத்தில் இறங்கினார்கள். அப்படி உருவானது 'நியூயார்க்கர் ஃபிலிம்ஸ்'. ஆப்பிரிக்க சினிமாவின் முன்னோடி உஸ்மான் செம்பேன், ஜெர்மன் இயக்குநர் ஃபாஸ்பைண்டர், ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடும் 'ஷோவா' ஆவணப்படம் என்று அமெரிக்கர்களின் ரசனையையே அகலப்படுத்திய கம்பெனி அது. 2002-ல் அது குடும்பத்தின் கையைவிட்டு வேறொரு கம்பெனிக்குப் போனது. புது உரிமையாளர் தன் கடனுக்கு இதன் சொத்துகளை ஈடு வைத்தார். கடனைக் கட்ட முடியவில்லை. 2009-ல் நியூயார்க்கர் ஃபிலிம்ஸ் மூடப்பட்டது. அடுத்த வருடம் வேறு கையில் மறுபடி திறந்தது. நாற்பது வருடங்களுக்கு மேல் சேர்த்த குத்தகைப் பத்திரங்கள் யாரோ வாங்கிய கடனுக்குப் பிணையாகக் கிடந்தன.

குடும்பக் கம்பெனி என்றால் ஆபத்தே இல்லை என்று இதற்குப் பொருள் அல்ல. இரண்டே பேர் நடத்தும் இடத்தில் ஒருவர் படுத்துவிட்டால் பாதி வேலை நின்றுவிடும். அவர்களுக்குப் பிறகு யார் என்ற கேள்வியும் எப்போதும் உண்டு. ஆனால் விளையாத வருடத்தில் தோப்பைப் போட்டுவிட்டு ஓடாத குத்தகைக்காரர், தோப்புக்காரருக்குப் பெரிய ஆறுதல். பர்னெட் போன்ற இயக்குநர்கள் அதைத் தேடித்தான் வருகிறார்கள்.

இவ்வளவும் தெரிந்த பிறகு நம் அன்றாடப் புதிர்கள் சில தாமாக அவிழ்கின்றன. போன மாதம் ஓ.டி.டி.யில் இருந்த ஈரானியப் படம் இந்த மாதம் இல்லையா? யாரும் தூக்கி எறியவில்லை, கெடு முடிந்திருக்கும். அமெரிக்காவில் இருக்கும் உறவினர் பார்க்கும் படம் இங்கே திறக்கவில்லையா? அந்தக் குத்தகையில் நம் நாடு சேரவில்லை. பழைய படம் புது வெளியீட்டில் வேறு பாட்டோடு வந்திருக்கிறதா? பழைய பாட்டின் கையெழுத்து கிடைக்கவில்லை.

உங்கள் ஊரில் நாலு பேர் சேர்ந்து ஒரு நல்ல வெளிநாட்டுப் படத்தை முறையாகத் திரையிட ஆசைப்பட்டால், விநியோகஸ்தருக்கு 'படம் என்ன விலை' என்று எழுத வேண்டாம். எந்த ஊர், எந்த நாள், எத்தனை காட்சி, எத்தனை இருக்கை, கட்டணம் உண்டா இலவசமா, பிலிமா டிஸ்க்கா என்று எழுதுங்கள். அவர் விலை சொல்வது இவற்றுக்குத்தான். 'இந்தியாவுக்கான உரிமை எங்களிடம் இல்லை' என்று பதில் வந்தால் மனம் தளர வேண்டாம். யாரிடம் இருக்கிறது என்று அவரிடமே கேட்டு இன்னொரு கடிதம் போடுங்கள். இரண்டு பேர் நடத்தும் கம்பெனியாக இருந்தால், பெரும்பாலும் அந்தப் பெயரையும் முகவரியையும் சேர்த்தே அனுப்பிவைப்பார்கள்.